யாருடைய மார்பு? நின்ற இதயத்தைத் தொட்ட கைகளின் வரலாறு

இரண்டு நோய், ஒரு பெயர்

தமிழில் நாம் இரண்டு வேறு நிகழ்வுகளுக்கு ஒரே பெயரை வைத்திருக்கிறோம். இதயத்துக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாய் அடைத்துக்கொண்டால் மாரடைப்பு என்கிறோம். இதயமே துடிப்பதை நிறுத்திவிட்டாலும் மாரடைப்பு என்கிறோம். செய்தித்தாளும் அப்படித்தான் எழுதுகிறது, இரங்கல் சுவரொட்டியும் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் இரண்டும் ஒன்றல்ல. முதலாவதில் இதயம் துடித்துக்கொண்டே இருக்கும். அந்த மனிதர் பேசுவார், வலிக்கிறது என்பார், வியர்த்துக்கொட்டும். அவரை மருத்துவமனைக்குக் கொண்டுபோக நேரம் உண்டு. இரண்டாவது கார்டியாக் அரெஸ்ட், அதாவது இதயம் நின்றுபோதல். பெரும்பாலும் இதயத்தின் மின்னோட்டம் தாறுமாறாகி, கீழறைகள் சுருங்கி விரியாமல் வெறுமனே நடுங்கும். ரத்தம் வெளியே போகாது. சில நொடிகளில் நினைவு போய்விடும். சில நிமிடங்களில் மூளை சேதமடையத் தொடங்கும். முதலாவது இரண்டாவதில் கொண்டுபோய் விடலாம். ஆனால் இரண்டாவதற்கு வேறு காரணங்களும் உண்டு.

இந்த வேறுபாட்டை நான் மருத்துவப் பாடமாகச் சொல்லவில்லை. முதலாவதைக் காப்பாற்றுவது மருத்துவமனை. இரண்டாவதைக் காப்பாற்றுவது பக்கத்தில் நிற்கும் ஆள். அவர் குனிந்து, இன்னொருவரின் மார்பில் இரண்டு கையையும் வைத்து அழுத்த வேண்டும். ஆகவே இதயம் நின்றுபோவதற்கான சிகிச்சையின் வரலாறு என்பது தொடுதலின் வரலாறும்தான். யார் யாரைத் தொடலாம், யார் தொட அனுமதி வேண்டும், யாருடைய மார்பு வெறும் மார்பு, யாருடைய மார்பு வெட்கத்துக்கும் பயத்துக்கும் உரிய இடம் என்ற கேள்விகள் அதற்குள் இருக்கின்றன. நம் மொழியில் 'மார்' என்ற ஒரே சொல் நெஞ்சையும் குறிக்கும், முலையையும் குறிக்கும். அந்த ஒரு சொல்லுக்குள்ளேயே இந்தக் கட்டுரையின் சிக்கல் இருக்கிறது.

ஆன் கிரீனின் கட்டில்

இங்கிலாந்தின் ஆக்ஸ்ஃபோர்டில் 1650 டிசம்பர் 14 அன்று ஆன் கிரீன் என்ற வேலைக்காரப் பெண்ணைத் தூக்கிலிட்டார்கள். வயது இருபதைக் கொஞ்சம் தாண்டியிருந்தது. சர் தாமஸ் ரீட் என்ற பிரபுவின் வீட்டில் வேலை செய்தவள். அந்த வீட்டுப் பேரனால் கருவுற்றாள். குறைமாதத்தில் கரு இறந்து வெளிவந்தது. அதை அவள் மறைத்துவைத்தாள். 1624-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று அப்போது நடப்பில் இருந்தது. மணமாகாத பெண் தன் குழந்தையின் சாவை மறைத்தாலே அவள் கொன்றாள் என்று அந்தச் சட்டம் எடுத்துக்கொள்ளும். குழந்தை இறந்தே பிறந்தது என்று நிரூபிக்க வேண்டியது அவள் பொறுப்பு. அது உயிரோடு இருந்திருக்கக்கூடிய வளர்ச்சியே பெற்றிருக்கவில்லை என்று மருத்துவச்சி சாட்சி சொல்லியும் தண்டனை மாறவில்லை. பேரன்மீது வழக்கே இல்லை.

அவள் அரை மணி நேரம் கயிற்றில் தொங்கினாள். சீக்கிரம் சாகட்டும், வேதனை குறையட்டும் என்று வேண்டியவர்கள் அவள் உடலைப் பிடித்துக் கீழே இழுத்தார்கள். பிறகு சவப்பெட்டியில் வைத்து, அறுத்துப் பார்த்துப் பாடம் படிப்பதற்காக மருத்துவர்களிடம் கொண்டுபோனார்கள். வில்லியம் பெட்டி, தாமஸ் வில்லிஸ் ஆகியோர் பெட்டியைத் திறந்தபோது அவள் தொண்டையில் ஏதோ கரகரத்தது. அறுவைக் கத்தியை வைத்துவிட்டு அவளை மீட்கத் தொடங்கினார்கள். வாயைத் திறந்து சூடான பானம் ஊற்றினார்கள். இறகால் தொண்டையைக் கூசச் செய்தார்கள். கை கால்களைத் தேய்த்தார்கள், ரத்தம் எடுத்தார்கள். கடைசியில் சூடாக்கிய கட்டிலில் படுக்கவைத்து, இன்னொரு பெண்ணை அவளருகே படுத்து, உடம்போடு உடம்பாக வைத்துச் சூடேற்றச் சொன்னார்கள். ஆன் கிரீன் பிழைத்தாள். மன்னிப்பும் கிடைத்தது. பின்னர் திருமணம் செய்து பிள்ளைகள் பெற்றாள்.

இன்றைய அறிவில் பார்த்தால் அவளுடைய இதயம் முழுதாக நின்றிருக்காது. துடிப்பு மிகவும் மெலிந்து, பார்ப்பவர்களுக்குத் தெரியாமல் போயிருக்கும். ஆனாலும் மீட்பின் வரலாற்றைச் சொல்பவர்கள் அவளை மறப்பதில்லை. எனக்கு இரண்டு விஷயங்கள் முக்கியமாகப் படுகின்றன. ஒன்று, அவளைக் கொல்லச் சொன்ன சமூகமே, அவள் பிழைத்ததும் கடவுளின் அதிசயம் என்று துண்டுப் பிரசுரம் அச்சிட்டது. இரண்டு, மருத்துவர்கள் புகழ் பெற்றார்கள். தன் உடம்புச் சூட்டைக் கொடுத்து இரவெல்லாம் பக்கத்தில் படுத்திருந்த அந்தப் பெண்ணின் பெயர் வரலாற்றின் முன்வரிசைக்கு வரவேயில்லை.

மருத்துவச்சியின் மூச்சு

மூச்சில்லாமல் பிறந்த குழந்தையின் வாயில் வாய் வைத்து ஊதுவது பழைய வழக்கம். 1472-இல் பாவ்லோ பாகெல்லார்டோ என்ற இத்தாலிய மருத்துவர் குழந்தை நோய்கள் பற்றிய நூலில் இதைக் குறிப்பிட்டார். அந்தக் காலத்தில் பிரசவ அறை பெண்களின் இடம். அங்கே மருத்துவச்சிகள்தான் இருந்தார்கள்.

படித்த உலகம் இதைக் கவனிக்கப் பதினெட்டாம் நூற்றாண்டு ஆயிற்று. 1740-இல் பாரிஸ் அறிவியல் கழகம் நீரில் மூழ்கியவர்களுக்கு வாயால் ஊதும் முறையைப் பரிந்துரைத்தது. ஸ்காட்லாந்தில் 1732-இல் ஒரு சுரங்கத் தொழிலாளியை இப்படி ஊதிப் பிழைக்கவைத்ததை வில்லியம் டாசக் 1744-இல் எழுதினார். 1767-இல் ஆம்ஸ்டர்டாமிலும் 1774-இல் லண்டனிலும் நீரில் மூழ்கியவர்களை மீட்கும் சங்கங்கள் தோன்றின. அவை ஊதச் சொன்னதோடு, ஆசனவாய் வழியாகப் புகையிலைப் புகை செலுத்தவும் சொல்லின. அறிவியல் எப்போதும் நேர்க்கோட்டில் நடந்ததில்லை.

பிறகு ஒரு திருப்பம். வாயோடு வாய் வைப்பது அருவருப்பு, கீழ்த்தட்டு மக்கள் பழக்கம், மருத்துவச்சிகள் வேலை என்ற எண்ணம் படித்த மருத்துவர்களிடம் வலுத்தது. லண்டன் சங்கம் துருத்தியை முன்னிறுத்தியது. பின்னர் வந்த நூறாண்டுகளுக்கும் மேல் கையைத் தூக்குவது, முதுகை அழுத்துவது எனப் பல முறைகள் பாடப்புத்தகங்களில் இடம்பிடித்தன. அவற்றில் நுரையீரலுக்குப் போன காற்று மிகக் குறைவு.

1946-இல் அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகரில் போலியோ வார்டில் ஒரு குழந்தை நீலம் பாரித்துக் கிடக்க, தள்ளுகட்டிலில் வேகமாகக் கொண்டுவந்தார்கள். ஜேம்ஸ் ஈலம் என்ற மயக்க மருத்துவர் யோசிக்காமல் குனிந்து அதன் மூக்கில் வாய் வைத்து ஊதினார். குழந்தையின் நிறம் திரும்பியது. புதிதாய்ப் பிறந்த குழந்தைகளுக்கு முன்காலத்தில் ஊதிய முறையைப் பற்றி அவர் அதற்குச் சற்று முன்னர்தான் படித்திருந்தார். நாம் வெளிவிடும் மூச்சிலேயே இன்னொருவரை வாழவைக்கப் போதிய ஆக்சிஜன் இருக்கிறது என்பதை 1950-களில் ஈலமும், பின்னர் பால்டிமோரில் பீட்டர் சாஃபாரும் சோதனைகளில் காட்டினார்கள். மருத்துவர்களும் செவிலியரும் மருத்துவ மாணவர்களும் தசைகளைச் செயலிழக்க வைக்கும் மருந்தை ஏற்றுக்கொண்டு படுத்தார்கள். மற்றவர்கள் ஊதி அவர்களை உயிரோடு வைத்தார்கள். மாபெரும் கண்டுபிடிப்பு என்று அது கொண்டாடப்பட்டது. கண்டுபிடிப்புதான். ஆனால் பிரசவ அறைகளில் அது தொலையவே இல்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

பெயரில்லாத முதல் நோயாளிகள்

நின்ற இதயத்தைக் கையால் பிசைந்து மீட்ட முதல் வெற்றி நார்வேயின் டிராம்சோ நகரில் 1901-இல் நடந்தது. அறுவை மருத்துவர் கிறிஸ்டியன் இகெல்ஸ்ருட். நோயாளி ஒரு பெண். கருப்பைப் புற்றுக்காக அறுவை மேசையில் இருந்தபோது அவளுடைய இதயம் நின்றது. மார்பைத் திறந்து, இதயத்தை விரல்களுக்கிடையே பிடித்து அழுத்தினார். அவள் பிழைத்தாள். அதற்குப் பிறகு அரை நூற்றாண்டுக் காலம் இதயம் நின்றால் மார்பைக் கிழித்துத் திறப்பதுதான் வழி. அதாவது, அறுவை அரங்குக்கு வெளியே இதயம் நின்றவருக்கு வழியே இல்லை.

இதை மாற்றியது ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில் நடந்த ஒரு தற்செயல். வில்லியம் கூவன்ஹோவன் என்ற மின்பொறியாளரின் ஆய்வுக்கூடத்தில் நாய்களின் இதயத்துக்கு மின்அதிர்ச்சி கொடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கனமான மின்தகட்டை மார்பின்மீது அழுத்தும்போதே, மின்சாரம் பாயாமலே, நாயின் ரத்த அழுத்தம் ஏறுவதை கை நிக்கர்பாக்கர் என்ற இளம் பொறியாளர் 1958-இல் கவனித்தார். அறுவை மருத்துவர் ஜேம்ஸ் ஜூட் அதை மனிதருக்குப் பொருத்திப் பார்த்தார். 1959 ஜூலையில் 35 வயதுப் பெண் ஒருத்தி பித்தப்பை அறுவைக்கு வந்திருந்தாள். மயக்க மருந்து கொடுத்தபோது இதயம் நின்றது. மார்பைத் திறக்காமல், வெளியிலிருந்து இரண்டு கையால் அழுத்தினார்கள். துடிப்பு திரும்பியது. அதன்பின் அறுவையும் நடந்தது, அவள் நலமாக வீடு திரும்பினாள்.

1960 ஜூலையில் கூவன்ஹோவன், ஜூட், நிக்கர்பாக்கர் மூவரும் அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் கட்டுரை எழுதினார்கள். 20 நோயாளிகளில் 14 பேர் பிழைத்தார்கள். எங்கும், யாரும், வெறும் இரண்டு கைகளால் இதைச் செய்யலாம் என்பதே அதன் சாரம். மருத்துவ வரலாற்றில் இவ்வளவு ஜனநாயகமான அறிவிப்பு அபூர்வம். அதை மனித உடலில் முதலில் மெய்ப்பித்தது பெண்ணின் மார்பு. ஜூட் பின்னாளில் அந்தப் பெண்ணை நினைவுகூர்ந்தபோது அவள் உடல் பருத்தவள் என்பதையும் சேர்த்தே சொன்னார். இன்றைக்கு நான் சொல்லவரும் கதைக்கு இதுதான் முரண். பெண்ணின் மார்பு, அதுவும் பருத்த பெண்ணின் மார்பு, இந்தச் சிகிச்சைக்குத் தடையாக இல்லை என்பது முதல் நாளே தெரிந்திருந்தது.

நர்ஸின் கையில் மின்சாரம்

அழுத்துவது நேரத்தை வாங்கித் தரும். நடுங்கும் இதயத்தைச் சீராக்க மின்அதிர்ச்சி வேண்டும். மார்பைத் திறக்காமல் வெளியிலிருந்தே அதைக் கொடுக்க முடியும் என்று பால் சோல் 1956-இல் காட்டிவிட்டார். கருவியும் இருந்தது, இதயத் துடிப்பைத் திரையில் காட்டும் மானிட்டரும் இருந்தது. 1960-களின் தொடக்கத்தில் எழுந்த கேள்வி வேறு. இரவு மூன்று மணிக்கு நோயாளியின் பக்கத்தில் இருப்பது யார்? நர்ஸ். திரையில் கோடு தாறுமாறாவதை முதலில் பார்ப்பது யார்? நர்ஸ். மின்அதிர்ச்சி கொடுக்க அனுமதி யாருக்கு? மருத்துவருக்கு மட்டும்.

அந்தக் காட்சியை நினைத்துப் பாருங்கள். கருவி கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. என்ன நடக்கிறதென்று அவளுக்குத் தெரியும். மருத்துவர் படிக்கட்டேறி வரும்வரை அவள் காத்திருக்க வேண்டும். அந்தக் காத்திருப்பில் நோயாளி இறந்துபோவார்.

1961-இல் எடின்பரோவின் டெஸ்மண்ட் ஜூலியன், மாரடைப்பு நோயாளிகளை ஒரே வார்டில் வைத்துக் கண்காணித்து, பயிற்சி பெற்ற செவிலியர் உடனே மீட்புச் சிகிச்சையைத் தொடங்க வேண்டும் என்று எழுதினார். பிலடெல்பியாவின் பிரஸ்பிடேரியன் மருத்துவமனையில் லாரன்ஸ் மெல்ட்சர் என்ற மருத்துவரும் ரோஸ் பின்னியோ என்ற செவிலியரும் இதை நடைமுறையாக்கினார்கள். இசிஜி கோடுகளைப் படிக்கவும், அபாயக் குறியை அடையாளம் காணவும், மருத்துவருக்குக் காத்திராமல் தாங்களே மின்அதிர்ச்சி கொடுக்கவும் அங்கே செவிலியருக்குக் கற்பித்தார்கள். 1965-இல் இதய தீவிர சிகிச்சை பற்றிச் செவிலியருக்கென்றே கையேடு ஒன்று எழுதினார்கள். இதய வார்டுகளில் மரணம் குறைந்ததற்குக் கருவி மட்டும் காரணமல்ல. ஒரு படிநிலை உடைந்ததும் காரணம். 'டாக்டர் சொன்னதைச் செய்பவள்' என்ற இடத்திலிருந்து 'பார்த்து முடிவெடுப்பவள்' என்ற இடத்துக்கு ஒரு தொழிலின் பெண்கள் நகர்ந்தார்கள்.

அதே காலத்தில் மருத்துவமனைக்கு வெளியேயும் ஒன்று நடந்தது. பிட்ஸ்பர்க் நகரின் ஹில் மாவட்டத்தில் 1967-இல் ஃப்ரீடம் ஹவுஸ் ஆம்புலன்ஸ் தொடங்கியது. அதில் பணியாற்றியவர்கள் பெரும்பாலும் வேலையில்லாதிருந்த கறுப்பின இளைஞர்கள். பயிற்சித் திட்டம் பீட்டர் சாஃபாருடையது. 1970-களின் நடுவில் அதன் மருத்துவ இயக்குநராக வந்தவர் நான்சி கரோலைன் என்ற இளம் பெண் மருத்துவர். அவர்களோடு வண்டியிலேயே போனார், தெருவிலேயே கற்பித்தார். அந்த அனுபவத்திலிருந்து அவர் எழுதிய பாடநூல் அமெரிக்கா முழுவதும் பாராமெடிக் பயிற்சிக்கு அடித்தளமாயிற்று. நகர நிர்வாகம் 1975-இல் அந்தச் சேவையை மூடிவிட்டது. இன்று ஆம்புலன்ஸில் நடக்கும் சிகிச்சைக்கு, நிறத்தாலும் பாலினத்தாலும் ஓரம் கட்டப்பட்டவர்கள் போட்ட பாதை அது.

பொம்மையின் முகம், பொம்மையின் மார்பு

கோடிக்கணக்கானவர்களுக்குக் கற்றுக்கொடுக்க ஒரு பொம்மை தேவைப்பட்டது. நார்வேயின் ஸ்டாவாங்கர் நகரில் அஸ்மண்ட் லேர்டால் என்பவர் பொம்மை செய்பவர். தன் சிறு மகன் நீரில் மூழ்கிச் சாகும் நிலைக்குப் போனபோது இழுத்துப்போட்டுக் காப்பாற்றியவர். மருத்துவர்கள் கேட்டதன்பேரில் 1960-இல் 'ரிசசி ஆன்' என்ற பயிற்சிப் பொம்மையை உருவாக்கினார். முதலில் வாயால் ஊதப் பழகுவதற்கு. பிறகு மார்பை அழுத்திப் பழக உள்ளே சுருள்வில் வைத்தார்கள்.

ஆண் முகம் வைத்தால் பயிற்சிக்கு வரும் ஆண்கள் அதன் வாயில் வாய் வைக்கத் தயங்குவார்கள் என்று லேர்டால் நினைத்தார். எனவே பெண் முகம். அதற்கு அவர் தேர்ந்தது, உறவினர் வீட்டுச் சுவரில் பார்த்திருந்த ஒரு முகமூடி. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பாரிஸின் சேன் நதியில் மூழ்கி இறந்த, அடையாளம் தெரியாத இளம்பெண்ணின் முகத்திலிருந்து வார்த்தது என்று அதற்கு ஒரு கதை உண்டு. கதைக்கு ஆதாரம் இல்லை. நீரில் கிடந்த பிணத்தின் முகம் அவ்வளவு தெளிவாக இருக்காது, உயிருள்ள ஒரு மாடலின் முகமாகவே இருக்கும் என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அமைதியாகப் புன்னகைக்கும் இறந்த பெண் என்ற கற்பனை ஐரோப்பிய வீடுகளின் சுவர்களில் பல்லாண்டுகள் தொங்கியது. எதிர்ப்பில்லாத, பெயரில்லாத, அழகான சடலம். அந்த முகத்துக்கு முத்தமிட ஆண்கள் தயங்கமாட்டார்கள் என்ற கணக்கு சரியாகவே பலித்தது.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். பொம்மையின் வாய் பெண்ணுடையது. பொம்மையின் மார்பு தட்டையானது. முகத்தில் பெண் தேவைப்பட்டாள், மார்பில் தேவைப்படவில்லை. அறுபது ஆண்டுகளாக உலகம் தட்டை மார்பில்தான் பழகியது. சந்தையில் கிடைக்கும் பெரியவர்களுக்கான 20 பயிற்சிப் பொம்மைகளை ஆராய்ந்து 2024-இல் ஓர் ஆய்வு வெளியானது. அவற்றில் ஒன்றில் மட்டுமே முலைகள் இருந்தன.

விளைவு என்ன? வட அமெரிக்காவில் மருத்துவமனைக்கு வெளியே இதயம் நின்ற 19,331 பேரின் பதிவுகளை ஆட்ரி புளூவரும் சக ஆய்வாளர்களும் பரிசீலித்து 2018-இல் வெளியிட்டார்கள். பொது இடத்தில் விழுந்த ஆண்களில் 45 சதவீதத்தினருக்கு அருகிலிருந்தவர்கள் மார்பை அழுத்தினார்கள். பெண்களில் 39 சதவீதத்தினருக்குத்தான் அது கிடைத்தது. வீட்டுக்குள் நடந்தபோது இந்த வித்தியாசம் அநேகமாக இல்லை. வீட்டில் கை வைப்பவர் உறவுக்காரர், தெருவில் கை வைக்க வேண்டியவர் அந்நியர். ஏன் தயங்குகிறார்கள் என்று வேறு ஆய்வாளர்கள் கேட்டபோது வந்த பதில்கள் நமக்குப் பழக்கமானவை. தவறாகத் தொட்டதாகச் சொல்லிவிடுவார்களோ, ஆடையை விலக்கினால் அசிங்கமாகிவிடுமோ, பெண் உடம்பு மென்மையாயிற்றே நொறுங்கிவிடுமோ, பெண்ணுக்கு மாரடைப்பா, மயக்கமாக இருக்கும். பெண்ணைக் காக்க என்று சொல்லிக்கொண்டு உருவான ஒழுக்கம், அவளைச் சாகவிடும் இடம் இது.

மூச்சு மாதிரி ஒன்று

என் பெரியம்மா இறந்தது எங்கள் ஊர் வீட்டின் சமையல்கட்டில். தோசைக்கல்லை இறக்கிவைத்தவர் அப்படியே சாய்ந்தார். அத்தை, சித்தி, பக்கத்து வீட்டு அக்கா எல்லாரும் சூழ்ந்துகொண்டார்கள். முகத்தில் தண்ணீர் தெளித்தார்கள், உள்ளங்காலைத் தேய்த்தார்கள். பெரியம்மாவின் தொண்டையிலிருந்து குறட்டை மாதிரி ஒரு சத்தம் விட்டுவிட்டு வந்தது. "மூச்சு இருக்கு, அசதியில கெடக்குறா" என்றார் சித்தி. ஜாக்கெட்டைத் தளர்த்தியதும் ஆண்கள் எல்லாரும் திண்ணைக்குப் போய்விட்டார்கள். மானம் காத்தார்கள். கார் வருவதற்குள் அந்தச் சத்தமும் நின்றுவிட்டது. மாரடைப்பு என்றார்கள்.

பல ஆண்டுகள் கழித்து, இதயம் நின்றவர்களிடம் இத்தகைய மூச்சு உண்டு என்று படித்தேன். திணறுவதுபோல, குறட்டைபோல, கரை ஒதுங்கிய மீன் வாய் பிளப்பதுபோல வரும். அது மூச்சல்ல. ரத்தம் போகாத மூளைத்தண்டின் கடைசி அனிச்சை. அதை மூச்சென்று நம்பிக் காத்திருப்பது உலகம் முழுவதும் நடக்கிறது. என் வீட்டுப் பெண்கள் அன்பில் குறை வைக்கவில்லை. பெரியம்மாவைத் தொட்டார்கள், தேய்த்தார்கள். எங்கே, எப்படித் தொட வேண்டும் என்று அவர்களுக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை, அவ்வளவுதான்.

யாருக்கு வரும் இந்த நோய்?

இதய நோய் ஆண்களின் நோய் என்ற எண்ணம் தானாக முளைக்கவில்லை. அமெரிக்காவில் நடந்த பெரிய ஆய்வுகள் அதை வளர்த்தன. ஆஸ்பிரின் மாரடைப்பைத் தடுக்குமா என்று பார்த்த ஆய்வில் 22,071 மருத்துவர்கள் இருந்தார்கள், அத்தனை பேரும் ஆண்கள். இதய நோய்க்கான காரணிகளை ஆராய்ந்த இன்னொரு பெரிய ஆய்வில் 12,866 பேர், அவர்களும் ஆண்களே. 1991-இல் பெர்னடின் ஹீலி என்ற பெண் இதய மருத்துவர், பெண் தனக்கும் ஆணைப் போலவே நோய் இருக்கிறது என்று நிரூபித்த பிறகே ஆணுக்குரிய சிகிச்சையைப் பெறுகிறாள் என்று எழுதினார். படிப்பதற்காக ஆண் வேடமிட்ட கதைநாயகி யெண்டலின் பெயரை அந்த நிலைக்கு வைத்தார். அமெரிக்க தேசிய சுகாதார நிறுவனங்களின் முதல் பெண் இயக்குநர் அவர். பெண்களைச் சேர்த்து ஆராய வேண்டும் என்று அங்கே சட்டம் வந்தது 1993-இல்தான்.

நம்மவர் ஒருவரையும் இங்கே சொல்ல வேண்டும். இந்தியாவின் முதல் பெண் இதய மருத்துவர் என்று அறியப்படும் எஸ். ஐ. பத்மாவதி 1917-இல் பர்மாவில் பிறந்தார். போர்க்காலத்தில் குடும்பத்தோடு கோயம்புத்தூருக்கு வந்தார். பின்னர் ஜான்ஸ் ஹாப்கின்ஸில் ஹெலன் டாசிக்கிடமும், ஹார்வர்டில் பால் டட்லி ஒயிட்டிடமும் பயின்றார். டெல்லியில் நுரையீரல் நோயால் இதயம் பழுதடைந்த 127 பேரைப் பற்றி அவரும் சக ஆய்வாளரும் 1959-இல் எழுதினார்கள். புகைபிடிக்கும் பழக்கமே இல்லாத பெண்கள் அதில் ஏராளமாக இருந்தார்கள். அடுப்புப் புகையை அவர் காரணமாகச் சுட்டினார். பெண்ணின் இதயத்தைப் பார்க்க அவளுடைய சமையலறையைப் பார்க்க வேண்டும் என்று ஒரு பெண் மருத்துவருக்குத் தோன்றியது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. 103 வயதில், 2020-இல், கொரோனா தொற்றால் அவர் இறந்தார்.

வயிற்றில் குழந்தை இருக்கும்போது

கர்ப்பிணியின் இதயம் நின்றால் என்ன செய்வது என்ற கேள்விக்குச் சொல்லப்பட்ட பதில்கள், சமூகம் அவளை எப்படிப் பார்த்தது என்பதைக் காட்டும். கர்ப்பிணி இறந்தால் வயிற்றைக் கிழித்துக் குழந்தையை எடுக்காமல் புதைக்கக் கூடாது என்பது பண்டைய ரோமின் சட்டம். பின்னர் கிறித்தவத் திருச்சபைக்குக் குழந்தையின் ஞானஸ்நானம் முக்கியமாயிற்று. 1745-இல் சிசிலியின் பாதிரியார் காஞ்ஜமிலா இதற்காகவே ஒரு நூல் எழுதினார். இவற்றில் எதிலும் தாய் நோயாளி இல்லை. அவள் ஒரு கூடு.

1986-இல் வெர்ன் காட்ஸ் என்ற மகப்பேறு மருத்துவரும் சக ஆய்வாளர்களும் பழைய பதிவுகளைத் திரட்டிப் பார்த்தார்கள். குழந்தையை எடுத்த பிறகு சில தாய்மாரின் துடிப்பு திரும்பியிருந்தது. காரணம் எளிது. கனத்த கருப்பை, மல்லாந்து கிடக்கும் உடலின் பெரும் சிரையை அழுத்தி, இதயத்துக்கு ரத்தம் திரும்பவிடாமல் செய்கிறது. வயிறு காலியானால் ரத்தம் திரும்பும், மார்பு அழுத்துவதற்குப் பலன் கிடைக்கும். நான்கு நிமிடத்துக்குள் மீட்பு பலிக்கவில்லையென்றால் அறுவையைத் தொடங்கி, ஐந்தாவது நிமிடத்தில் குழந்தையை எடுத்துவிட வேண்டும் என்றார்கள். அண்மை ஆண்டுகளில் அதன் பெயரையும் மாற்றச் சொல்கிறார்கள். 'சாவு நேரத்துச் சிசேரியன்' அல்ல, 'மீட்புக்கான கருப்பைத் திறப்பு'. அதே வெட்டுதான். இப்போது அது தாயைக் காப்பாற்றவும் போடப்படுகிறது. இந்த ஒரு மாற்றத்துக்கு இரண்டாயிரம் ஆண்டுகள் ஆகியிருக்கின்றன.

நாம் கற்றுக்கொள்ள வேண்டியது

வரலாற்றுக் கட்டுரையில் செய்முறை எதற்கு என்று கேட்கலாம். அறிவை யார் கையில் வைத்திருந்தார்கள் என்று பேசிவிட்டு, அதைக் கைமாற்றாமல் போவது சரியில்லை.

ஒருவர் விழுந்துவிட்டார். தோளைத் தட்டிக் கூப்பிட்டும் அசைவில்லை. மூச்சில்லை, அல்லது திணறும் மூச்சு மட்டும் இருக்கிறது. அப்படியானால் இதயம் நின்றுவிட்டது என்றே எடுத்துக்கொள்ளுங்கள். நாடி தேடி நேரத்தைப் போக்க வேண்டாம். ஒருவரை 108-க்கு அழைக்கச் சொல்லுங்கள். தனியாக இருந்தால் போனை ஸ்பீக்கரில் போட்டுவிட்டுத் தொடங்குங்கள். தரையில் மல்லாத்துங்கள். மார்பின் நடுவே, நெஞ்செலும்பின் கீழ்ப்பாதியில், ஒரு கையின் அடிப்பகுதியை வைத்து மறுகையை அதன்மேல் கோத்துக்கொள்ளுங்கள். முலைகள் இரண்டு பக்கமும் இருக்கும். அழுத்த வேண்டிய இடம் நடுவிலுள்ள எலும்பு. எல்லா உடலிலும் அது ஒன்றுதான். முழங்கையை மடக்காமல், ஐந்திலிருந்து ஆறு சென்டிமீட்டர் ஆழம் இறங்குமாறு, நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை அழுத்துங்கள். ஒவ்வொரு முறையும் மார்பு முழுதாக மேலெழ விடுங்கள். பயிற்சி இருந்தால் 30 அழுத்தத்துக்கு இரண்டு முறை ஊதலாம். இல்லையென்றால் நிறுத்தாமல் அழுத்தினாலே போதும். விலா எலும்பு முறியலாம். முறிந்தால் ஒட்டிக்கொள்ளும்.

ரயில் நிலையம், விமான நிலையம் போன்ற இடங்களில் ஏஇடி என்ற தானியங்கி மின்அதிர்ச்சிப் பெட்டி இருந்தால் கொண்டுவரச் சொல்லுங்கள். திறந்தால் அதுவே பேசி வழிகாட்டும். அதன் ஒட்டுத்தகடுகள் வெறும் தோலில் ஒட்ட வேண்டும். ஒன்று வலது காரை எலும்பின் கீழே, மற்றொன்று இடது அக்குளுக்குக் கீழே விலாப்பக்கம். முலையின்மேல் ஒட்டக் கூடாது. தேவைப்பட்டால் அதைத் தூக்கிவிட்டு அடியில் ஒட்டுங்கள். ஜாக்கெட்டைக் கிழியுங்கள், உள்ளாடையை வெட்டுங்கள், தாலிச் சங்கிலியை ஓரமாகத் தள்ளுங்கள். சுற்றி நிற்பவர்களைப் புடவையோ துப்பட்டாவோ பிடித்து மறைக்கச் சொல்லலாம். மறைப்பு வரட்டும் என்று காத்திருக்க மட்டும் வேண்டாம். கர்ப்பிணியானால் ஒருவர் வயிற்றை அவளுடைய இடப்பக்கமாகத் தள்ளிப் பிடித்துக்கொள்ள, மற்றவர் அதே இடத்தில் அதே வேகத்தில் அழுத்த வேண்டும்.

எங்கள் கல்லூரியில் பயிற்சி நடந்தபோது மாணவிகளே ஒரு வேலை செய்தார்கள். தட்டை மார்புப் பொம்மைக்கு இரண்டு துப்பட்டாக்களைச் சுருட்டி வைத்து, மேலே ஒரு பழைய ஜாக்கெட்டைப் போட்டு, ஊக்குக் குத்தினார்கள். முதலில் சிரிப்பு வந்தது. ஒருத்தி ஊக்கைக் கழற்றித் தொடங்கியதும் சிரிப்பு நின்றுவிட்டது. வந்திருந்த பயிற்சியாளரும் மறுக்கவில்லை. இதற்குக் காசு செலவில்லை. ஒவ்வொரு பள்ளியிலும், மகளிர் குழுவிலும், பேருந்துப் பணிமனையிலும், ஆண்களுக்கும் பெண்களுக்கும் இப்படி ஒரு பொம்மையில் கற்றுக்கொடுக்கச் சொல்லி நாம் கேட்கலாம். 1959-இல் ஒரு பெண்ணின் மார்பில் இரண்டு கைகள் தயங்காமல் வைக்கப்பட்டதால் உலகம் இதைக் கற்றது. அந்தத் தயக்கமின்மை நம் தெருக்களுக்கும் வர வேண்டும்.